ஒரு வரி மிச்சம் பிடிக்கக் கொரியாவை இணைத்தேன்

எதற்கும் சுலபத்தில் தலையாட்டாத என் அருமை அண்ணாவுக்கு,

நீ கண்ணை மூடி மூன்று வருஷம் ஆகிறது. இதுவரை உனக்கு ஒரு கடுதாசி போடவில்லை. எழுத உட்கார்ந்தால் பொய் எழுதிவிடுவேனோ என்று பயம். இப்போது நான் செய்த ஒரு காரியம் உன் பெண் மலரின் தலையில் விடிந்திருக்கிறது, அதனால் எழுதுகிறேன். நாலு பேர் படிக்கட்டும் என்றுதான் பகிரங்கமாகவே எழுதுகிறேன். படித்துவிட்டு என்னைத் திட்டினால் திட்டட்டும், எனக்கு நன்றாக வேண்டும்.

முதலில் சேதி. மலர் சர்க்கார் வேலைக்கான அந்தத் தேர்வை மூன்றாம் முறையாக எழுதினாள். ஒரே ஒரு கேள்வியில் வேலை கைநழுவிப் போச்சு. எந்தக் கேள்வி தெரியுமா? சிரிக்காதே. கொரியா.

"கீழ்க்கண்டவற்றுள் வளரும் நாடு எது?" கனடா, கொரியா, நார்வே, ஜப்பான். அவ்வளவுதான் கேள்வி. எந்தக் கொரியா என்று ஒரு வார்த்தை கிடையாது. அதை எழுதிய மகானுபாவருக்கு உலகத்தில் ஒரே ஒரு கொரியாதான். நம் அப்பா காலத்திலிருந்து நடுவில் வேலி போட்டு, இரண்டு பக்கமும் துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு நிற்கிறார்களே, அந்தச் சேதி இன்னும் அவர் வீட்டுக்குப் போய்ச் சேரவில்லை போலிருக்கிறது.

மற்றப் பிள்ளைகள் என்ன செய்திருக்கும்? கனடா இல்லை, நார்வே இல்லை, ஜப்பான் இல்லை, மிச்சம் கொரியா. வட்டத்தைக் கருப்பாக்கிவிட்டு அடுத்த கேள்விக்குப் போயிருக்கும். உன் பெண் அப்படிச் செய்வாளா? ஐந்தாவதாக ஒரு வட்டம் இருக்கிறதே, 'விடை தெரியவில்லை' என்று, அதைக் கருப்பாக்கிவிட்டு வந்திருக்கிறாள்.

ஏண்டி இப்படி என்று கேட்டேன். "எந்தக் கொரியான்னு கேள்வியிலயே இல்ல அத்தை. அப்போ விடை தெரியலைங்கிறதுதானே சரியான விடை?" என்கிறாள். தெரியாதவர்களுக்காக வைத்த வட்டத்தை, தெரிந்த ஒரே காரணத்துக்காகக் கருப்பாக்கிய ஜென்மம் இந்தச் சென்னையில் இவள் ஒருத்திதான் இருப்பாள். வேறு யார் வளர்த்த பிள்ளை?

விடைப்பட்டியல் வந்த அன்று கே.கே. நகர் கோச்சிங் சென்டரில் எல்லாரையும் உட்கார வைத்து ஒவ்வொரு கேள்வியாக அலசினார்கள். நடத்துவது யார் தெரியுமா? உன் பொது அறிவு கைடை இருபது வருஷம் போட்டாரே நம் முதலாளி, அவர் மகன்தான். அப்பாவுக்குப் பிறகு அச்சகத்தை மூடிவிட்டு இதில் இறங்கிவிட்டான். கைடை மட்டும் ஒரு எழுத்து மாற்றாமல் வெளியே கொடுத்து இன்னும் அச்சடித்து விற்கிறான். மைக்கைப் பிடித்துக்கொண்டு, "கொரியா கேள்வி! நம்ம கைடுல இருந்து டைரக்ட் கொஸ்டின்! கைதட்டுங்க!" என்றானாம். அத்தனை பிள்ளைகளும் கைதட்ட, மலர் மட்டும் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாளாம்.

அதோடு விட்டானா? வாசலில் பேனர் கட்டிவிட்டான். உன் கைடின் பக்கத்தைப் படம் பிடித்து, 'கொரியா – வளரும் நாடு' என்ற வரிக்கு மஞ்சள் பூசி, 'எங்கள் கைடில் இருந்து நேரடிக் கேள்வி' என்று கொட்டை எழுத்தில் போட்டு, அதன் கீழே உன் பெயர். வாழ்நாள் முழுக்க எந்தத் தப்பைப் பார்த்துப் பல்லைக் கடித்தாயோ, அதற்குக் கீழேயே உன் பெயரைத் தொங்கவிட்டிருக்கிறார்கள் அண்ணா. நானே போய்ப் பார்த்தேன். பக்கத்தில் ஒரு செல்ஃபி வேறு எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

மலர் விடவில்லை. கேள்வியே தப்பு, எல்லாருக்கும் அந்த மார்க்கைக் கொடுங்கள் என்று ஆட்சேபணை அனுப்பினாள். ஆதாரமாக உன் அலமாரியில் இருந்த உன் சொந்தப் பிரதியின் பக்கத்தை நகல் எடுத்து வைத்தாள். அதில் நீ ஸ்கேல் வைத்துச் சிவப்புப் பேனாவால் அந்த வரியை இரண்டாகப் பிரித்து, மேலே 'தென்', கீழே 'வட' என்று எழுதியிருக்கிறாயே, அந்தப் பக்கம். பதில் வந்தது. 'அச்சிட்ட பக்கத்தில் கொரியா வளரும் நாடு என்றே உள்ளது. கையால் எழுதிய திருத்தங்கள் ஆதாரமாகாது.' அவள் கொடுத்த காகிதத்தையே அவள் மூஞ்சியில் விட்டெறிந்துவிட்டார்கள். இன்னும் ஒரே ஒரு மேல்முறையீடு இருக்கிறது. அதுவும் இந்த வாரத்தோடு சரி.

ஊர் சேதியும் கேட்டுக்கொள். நீ இல்லாத இந்த மூன்று வருஷத்தில் பட்டணமே கொரியா பைத்தியம் பிடித்து அலைகிறது. பாண்டி பஜாரில் கொரியா முகப்பூச்சு, ஆழ்வார்பேட்டையில் கொரியாச் சாப்பாடு. என் மாடி வீட்டு அம்மாள் மத்தியானம் முழுக்கக் கொரியா சீரியல் பார்க்கிறாள். "கொரியால்லாம் ரொம்ப டெவலப்டு மேடம், நாமல்லாம் எங்க" என்றாள். இன்னொரு கொரியாவும் இருக்கிறதே என்றேன். "ஐயே, அது வேற மேடம்" என்று கையை உதறினாள், சாம்பாரில் விழுந்த ஈயை எடுத்துப் போடுகிற மாதிரி. அந்தப் பக்கத்தில் இருப்பவர்களும் அதே பாஷை பேசி, அதே ஊறுகாய் போட்டுத் தின்கிறவர்கள்தான் என்று சொன்னால் நம்பமாட்டாள்.

இவளுக்கு மீன்காரி மேரி எவ்வளவோ மேல். நொச்சிக்குப்பத்தில் மீன் வாங்கப் போன இடத்தில் வயிற்றெரிச்சலில் அவளிடம் கதையைச் சொன்னேன். கொரியா என்று வாயெடுத்ததுமே கேட்டாள். "எந்தக் கொரியாக்கா? காரு செய்றவனா, குண்டு வுடறவனா?"

"கேள்வியில அது இல்ல மேரி. ரெண்டையும் ஒண்ணாப் போட்டுட்டாங்க."

"ஐய, இன்னாக்கா இது! வெல ஒசந்த வஞ்சிரத்தையும் பொடிமீனு காரப்பொடியையும் ஒரே கூறு கட்டினா நம்மள வுட்டுருவாங்களா? மூஞ்சில அடிச்சிட்டுப் போவாங்க. இத்தப் பட்ச்சவங்களா கேட்டாங்கோ?" என்றாள். படித்தவர்கள்தான் கேட்டார்கள் என்று சொல்லவே எனக்கு வெட்கமாக இருந்தது.

நீயும் அதே கோபத்தைத்தானே வருஷா வருஷம் கொட்டினாய். உஸ்மான் சாலைக்குப் பின்னால் என் டி.டி.பி. கடையில் நீ நீள நோட்டில் எழுதியதை நான் அடித்துக் கொடுக்க, எதிரே ஸ்டூலில் உட்கார்ந்து புரூஃப் பார்ப்பாய். உலக நாடுகள் பட்டியல் வந்தால் போதும், உனக்கு ரத்தம் ஏறிவிடும்.

"விஜி, இந்த முதல் உலகம், மூணாம் உலகம்னு பிரிச்சதே பணத்தை வெச்சு இல்ல. யாரு யாரு பக்கம்னு வெச்சு. அமெரிக்காக்காரன் பக்கம் நின்னா முதல் உலகம், ரஷ்யாக்காரன் பக்கம் நின்னா ரெண்டாம் உலகம். ரெண்டு பேரும் வேணாம்னா மூணாவது. பிரிஞ்ச புதுசுல தென் கொரியா சோத்துக்கே லாட்டரி. அது முதல் உலகமாம்! ஃபேக்டரி, அணைக்கட்டு, கரண்டு எல்லாம் வட கொரியா பக்கம். அது ரெண்டாம் உலகமாம்! யார்கிட்ட சொல்லிச் சிரிக்கிறது?"

அப்புறம் காலம் மாறியது. தெற்கே இருந்தவன் கப்பல் கட்டினான், கார் செய்தான், பணக்கார நாடுகளின் சங்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்தான். ஆனால் வர்த்தகம் பேசுகிற சபைக்குப் போனால், "நான் இன்னும் வளர்கிற பிள்ளை" என்று பின் பெஞ்சுக்குப் போய்விடுவான். தன் ஊர் அரிசிக்காரனைக் காப்பாற்ற வேண்டுமே. அந்தச் சபையில் யார் வளர்ந்தவன், யார் வளர்கிறவன் என்று அவனவனே சொல்லிக்கொள்ளலாம் என்று நீ சொன்னபோது நான் நம்பவில்லை. ஒரே மனுஷன் ஒரு கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டுக்காரன், இன்னொரு கல்யாணத்தில் பெண் வீட்டுக்காரன் மாதிரி. கடைசியில் அவனுக்கே கூச்சமாகி, இனிமேல் சலுகை கேட்கமாட்டேன் என்று சொல்லிவிட்டான்.

வடக்கே இருப்பவன் கதை வேறு. அவன் கணக்கே கொடுக்கமாட்டான். பெரிய வங்கிக்காரர்களின் அட்டவணையில் அவனுக்கு நேரே எண் இருக்காது, இரண்டு புள்ளி இருக்கும். அதை நீ எனக்கு விரலால் தொட்டுக் காட்டினாய். "கணக்கு தெரியாதாம். ஆனா கடைசி பெஞ்சுன்னு மட்டும் தெரியுமாம். இந்த ரெண்டு புள்ளிக்குள்ள கோடிக்கணக்குல ஜனம் இருக்கு விஜி. அதுல எவ்வளவு பேரு சாப்பிட்டான், எவ்வளவு பேரு சாப்பிடலைன்னு ஒருத்தனுக்கும் தெரியாது" என்றாய். அன்றைக்கு டீ ஆறிப்போய் ஆடை கட்டிக்கொண்டது. நீ தொடவே இல்லை.

ஒரே ஜனத்தை நடுவில் வெட்டிப் போட்டார்கள். ஒரு பாதிக்கு எந்தப் பெஞ்சு என்பதில் அவர்களுக்கே சண்டை, இன்னொரு பாதிக்குப் பெஞ்சே இல்லை. கோட்டு சூட்டு போட்டு, தண்ணீர் பாட்டிலை முன்னால் வைத்துக்கொண்டு உட்காருகிற இத்தனை சபைகளில், எங்கள் பிரிவினையே உருப்படாத பிரிவினை என்று ஒரு வாய் ஒத்துக்கொண்டதா? தூ.

எல்லார் மேலும் துப்பியாயிற்று. இப்போது என் முறை.

நீ பைபாஸ் ஆபரேஷனுக்காக ஆஸ்பத்திரியில் இருந்த வருஷம், நீ திருத்தி எழுதிய கடைசிப் பதிப்பு வந்த வருஷம், ஞாபகம் இருக்கிறதா? "கடைசி புரூஃபை நீயே பாத்து அச்சுக்கு அனுப்பிடு விஜி, உன் கண்ணு என் கண்ணுதான்" என்றாய். எல்லாம் சரியாக வந்தது, அந்தப் பட்டியல் தவிர. அது ஒரே ஒரு வரி அடுத்த பக்கத்துக்குத் தாண்டியது. அடுத்த பக்கத்தில் முதலாளியின் முழுப்பக்க விளம்பரம். அதற்கு அப்புறம் புத்தகமே முடிந்தது. எழுத்தைக் குறைத்தேன், வரிக்கு வரி இடைவெளியைக் குறைத்தேன், ஓரத்தை இழுத்தேன். அந்த ஒரு வரி அடங்கவில்லை.

முதலாளிக்கு போன் செய்தேன். விளம்பரத்தைக் கொஞ்சம் சுருக்கலாமா என்றேன். "அதுல கைவைக்காதம்மா. ஒரு வரிக்காக இன்னொரு பாரம், பதினாறு பக்கம், அடிக்கச் சொல்றியா? ஏதாவது ரெண்டு நாட்டைச் சேர்த்து வுடு. யாரு பாக்கப்போறா?" என்றார். ஏதாவது இரண்டு நாடாம்! தக்காளி, வெங்காயமா? அப்படித்தான் அப்போது மனசுக்குள் திட்டினேன். திட்டிக்கொண்டே பட்டியலில் மேலும் கீழும் கண்ணை ஓட்டினேன். பக்கத்துப் பக்கத்து வரியில், ஒரே பெயரில், இரண்டு நாடு இருந்தது ஒரே இடத்தில்தான்.

தென் கொரியாவுக்கு நேரே நீ எழுதியிருந்தது: 'பணக்காரர் சங்கத்தில் உறுப்பினர், வர்த்தகச் சபையில் வளரும் நாடு.' வட கொரியாவுக்கு நேரே: 'கணக்கு இல்லை, பிறர் மதிப்பீட்டில் வறிய நாடு.' இரண்டையும் அடித்துவிட்டு, 'கொரியா – வளரும் நாடு' என்று ஒரே வரியாகப் போட்டேன். ஒன்று வளரும் நாடு என்று தானே சொல்லிக்கொள்கிறது, இன்னொன்று ஏழைதானே, வளரும் என்றால் இரண்டுக்கும் பொருந்தும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். பட்டியல் அழகாகப் பக்கத்துக்குள் அடங்கியது.

எத்தனை தலைவர்கள் கைகுலுக்கிப் பார்த்தார்கள், எத்தனை மாநாடு கூட்டினார்கள்! ஒருத்தராலும் முடியாததை, மாம்பலம் ஸ்டேஷன் கூச்சலுக்கு நடுவில், காலை பதினோரு மணிக்கு நான் முடித்தேன். கொரியாவை இணைத்தேன் அண்ணா. எதற்கு? ஒரு வரி இடத்துக்கு.

உன்னிடம் சொல்லவில்லை. அறுத்துத் தைத்த நெஞ்சோடு படுத்திருக்கிறாய், இதை ஏன் சொல்ல வேண்டும் என்பது நான் சொல்லிக்கொண்ட சாக்கு. உண்மை அதுவல்ல. 'விஜயா பார்த்தா ஒரு பிழை இருக்காது' என்று தெருவே சொல்லும். அந்தப் பெருமை போய்விடுமே என்ற பயம். புத்தகம் கைக்கு வந்ததும் புரட்டிப் பார்த்துவிட்டு, "நல்லா வந்திருக்கு விஜி" என்றாய். அப்பாடா, கவனிக்கவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

கவனித்திருக்கிறாய். மலர் நகல் எடுத்து வைத்த அந்தப் பக்கத்தைப் பார்த்தபோதுதான் எனக்குத் தெரிந்தது. ஸ்கேல் வைத்தும் கோடு கொஞ்சம் கோணலாக. வீட்டில் இருந்த ஆறு பிரதியிலும் போட்டிருக்கிறாயாம். என்னை ஏன் ஒரு வார்த்தை கேட்கவில்லை? முதலாளியிடம் போய்ச் சண்டை போட்டாயா? போட்டிருந்தால் பழி என் மேல் விழுமே என்று சும்மா இருந்துவிட்டாயா? உலகத்துச் சபைகளையெல்லாம் நார் நாராகக் கிழித்தவன், தங்கையிடம் மட்டும் வாயை மூடிக்கொண்டது எந்த ஊர் நியாயம்?

நிராகரிப்புக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு மலர் என் மந்தைவெளி வீட்டுக்கு வந்தாள். "அப்பா முதல்ல ஏன் தப்பா எழுதினாரு அத்தை? எனக்கு மட்டும் சரியாச் சொல்லிக் கொடுத்துட்டு, ஊருக்கெல்லாம் தப்பா வித்தாரா? அவரு பேச்சைக் கேட்டுத்தான் நான் தோத்தேன்" என்று அழுதாள். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "அச்சுப்பிழையா இருக்கும்மா." பிழை செய்த வாயே சொல்கிறது, அச்சுப்பிழையாம். கேள்வி எழுதிய அந்த மகானுபாவரைவிட நான் எந்த விதத்தில் ஒசத்தி?

மறுநாள் கே.கே. நகர் போய்ச் சின்ன முதலாளியைப் பார்த்தேன். உள்ளதைச் சொன்னேன். உங்கள் அப்பா சொல்லி, நான் சேர்த்தது, கைடில் தப்பு என்று பதிப்பகத்தின் பெயரில் ஒரு கடிதம் கொடு, பெண்ணுக்கு வேலை கிடைக்கும் என்றேன். போனைப் பார்த்துக்கொண்டே கேட்டான். பிறகு, "ஆன்ட்டி, பேனரே கட்டியாச்சு" என்றான். அவ்வளவுதான். ஒரு பெண்ணின் வேலையைவிடப் பெரிய பேனர்.

வீட்டுக்கு வந்து பரணில் ஏறினேன். இந்த வயதில் ஏறக்கூடாதுதான். நீ எழுதிய நீள நோட்டுகளை நான் ஒன்றையும் பழைய பேப்பருக்குப் போடவில்லை. அந்த வருஷத்து நோட்டு கிடைத்தது. இரண்டு கொரியாவும் தனித்தனி வரியில், உன் கையெழுத்தில். அவற்றின் மேல் என் பென்சில் அடித்தல், பக்கத்தில் 'இடமில்லை, சேர்க்கவும் – வி.' என்று என் குறிப்பு. என் கையெழுத்தும் ஆதாரமாகாது என்று எவனாவது சொல்லட்டும், பார்க்கிறேன்.

நேற்று மத்தியானம் மலரைக் கூப்பிட்டு நோட்டை அவள் கையில் கொடுத்தேன். எல்லாம் சொன்னேன். நோட்டரி முன்னால் சத்தியப் பிரமாணம் எழுதி, நோட்டோடு சேர்த்து மேல்முறையீட்டில் வைக்கிறேன் என்றேன். அவள் என் பென்சில் குறிப்பை வாய்விட்டுப் படித்தாள்.

"ஒரு வரிக்காகவா அத்தை?"

"ஒரு வரிக்காகத்தான்."

"அப்பாக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சிருக்கு. கேக்கல."

போட்டுக் கொடுத்த காபியைத் தொடவில்லை. அதிலும் உன்னைத்தான் உரித்து வைத்திருக்கிறாள். எழுந்து செருப்பை மாட்டிக்கொண்டாள். போய்விடுவாள், இனி வரமாட்டாள் என்றுதான் நினைத்தேன். வாசப்படியில் நின்று திரும்பாமலே சொன்னாள்: "நோட்டரிகிட்ட நானும் வர்றேன். உங்களைத் தனியா வுட்டா அங்கயும் சுருக்கிடுவீங்க."

எனக்கு நன்றாக வேண்டும் அண்ணா. சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. மேல்முறையீடு ஜெயிக்குமா என்று தெரியாது. கேள்வி எழுதினவர்களுக்குத் தங்கள் தப்பைவிட என் தப்பே சௌகரியமாக இருக்கலாம். ஆனால் உன் பெண்ணுக்கு இனி அவள் அப்பா மேல் சந்தேகம் இல்லை. அந்தப் பேனரில் உன் பெயருக்கு மேல் இருக்கிற வரி யாருடையது என்று இனி ஊருக்கும் தெரியும்.

நாளைக் காலை பத்து மணிக்கு லஸ் முனையில் நோட்டரி. தென் கொரியா ஒரு வரி, வட கொரியா ஒரு வரி, நான் செய்தது முழுசாக அதற்குக் கீழே. ஒன்றையும் சேர்க்கமாட்டேன், ஒன்றையும் விடமாட்டேன். இடம் பத்தவில்லை என்றால் இன்னொரு தாள் வாங்கிக்கொள்கிறேன்.

நீ கேட்காமல் விட்டதற்குப் பதில் சொல்லிவிட்ட,
உன் தங்கை
விஜயா